சாவு வீட்டில் கொடுக்காத தாள்

காலை ஏழேகாலுக்கு அழைத்து, "உங்கண்ணன் போயிட்டாருங்க" என்று சொன்னவர் ரஞ்சன். என் அண்ணன் வேலாயுதம் ஒரு மாதமாகத் தேடிக்கொண்டிருந்த ஆள்.

நீதிமன்றத் தாள்களைக் கொண்டுபோய் உரியவர் கையில் கொடுப்பதுதான் அண்ணனின் வேலை. பிரிக்ஃபீல்ட்ஸில் அவருக்கு அந்த வேலையைக் கொடுத்த வழக்கறிஞர் அலுவலகத்தில்தான் நானும் குமாஸ்தா. மகள் தாமரையைச் சனிக்கிழமைதோறும் தாய் மாதவியிடம் விட வேண்டும் என்று ரஞ்சனுக்கு நீதிமன்ற உத்தரவு. தீபாவளியிலிருந்து மாதவி மகளைப் பார்க்கவில்லை. அதனால் ரஞ்சன்மேல் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு. தாளை அவர் கையிலேயே கொடுத்தால்தான் வழக்கு நகரும். அண்ணனின் பைக் சத்தம் கேட்டாலே ரஞ்சன் பின்கதவால் போய்விடுவார்.

அண்ணன் அலட்டிக்கொள்ளவே மாட்டார். "எங்க போவான்லா? அவனுக்கும் பசிக்கும். ரொட்டி சானாய் வாங்க வெளிய வந்துதானே ஆகணும்?" என்பார். கல்யாண மண்டபத்தில்கூடக் கொடுத்திருக்கிறார், ஆள் சாப்பிட்டுக் கை கழுவிய பிறகு. சாவு வீட்டில் மட்டும் கொடுக்க மாட்டார். தாளைக் கொடுத்ததற்கான சத்தியப் பிரமாணத்தை முன்கூட்டியே தட்டச்சு செய்து வைத்துவிடுவார். தேதிக்கும் இடத்துக்கும் மட்டும் காலியிடம். அவ்வளவு நம்பிக்கை.

அன்று பண்டமாரானில் ரஞ்சன் வீட்டுக்கு எதிரே பைக்கில் உட்கார்ந்திருந்த அண்ணன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தார். சன்னல் வழியே பார்த்த ரஞ்சன், ஒளிந்திருப்பதை மறந்து ஓடிவந்து, தன் காரிலேயே மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்.

மறுநாள் எங்கள் வீட்டுக்கும் வந்தார். அண்ணன் காலடியில் நின்று, "இனிமே என்னைத் தேடி யாருண்ணே வருவா?" என்று அழுதார். சிலர் சிரித்துவிட்டார்கள். நானும்தான்.

வழக்கறிஞர் புனிதவதி என்னை ஓரமாக இழுத்தார். "சீதா, பேப்பர் அண்ணன் பைக் பெட்டியிலதானே இருக்கு? நீ குடுத்தாலும் செல்லும். இவரை விட்டா அப்புறம் எங்க பிடிக்கிறது?"

"இங்க வேணாம் மேடம். வருவாரு."

"எப்படிச் சொல்ற?"

"இன்னைக்கு வந்தாரே."

பிறகு ரஞ்சனிடம் நேராகவே சொன்னேன். "நீங்க செஞ்சத மறக்க மாட்டேண்ணே. ஆனா பேப்பர் வேற. திங்கக்கிழமை ஆபீசுக்கு வந்து வாங்கிக்குங்க."

"வரலைன்னா?"

"நான் வருவேன். எனக்கும் பைக் ஓட்டத் தெரியும்."

இன்று திங்கட்கிழமை. கதவு திறந்த கொஞ்ச நேரத்தில் வந்துவிட்டார். கையில் கொடுத்தேன், வாங்கிக்கொண்டார். மாதவிக்குப் போன் செய்தேன். "கையிலயே வாங்கினாரா அக்கா? கையிலயேவா?" என்று திரும்பத் திரும்பக் கேட்டாள். இனி ரஞ்சன் நீதிபதி முன்னால் நின்று பதில் சொல்லியாக வேண்டும்.

சத்தியப் பிரமாணத்தை நாளை தாக்கல் செய்ய வேண்டும். தேதியையும் இடத்தையும் நிரப்பிவிட்டேன். கொடுத்தவர் பெயர் என்ற இடத்தில் அண்ணன் தட்டச்சு செய்த தன் பெயர் அப்படியே இருக்கிறது. அதை இன்னும் மாற்றவில்லை.