பக்கத்து வீட்டுப் பீப்பாய்க் கள்ளி

என் கைராசியைப் பற்றி எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் உண்டு. மெல்பேர்ண் குளிரில் கறிவேப்பிலை வளர்ப்பது லேசான காரியமில்லை. டண்டினொங் பக்கத்தில் எங்கள் ஆட்கள் பலருடைய வீட்டில் அது மே மாதத்தோடு வெறும் குச்சியாகிவிடும். என் வீட்டில் ஆளுயரத்துக்கு நிற்கும். குளிர் தொடங்கியதும் கராஜுக்குள் இழுத்து வைத்து, பழைய போர்வையால் தொட்டியைச் சுற்றி, கைக்குழந்தையைப் பார்ப்பதுபோல் பார்ப்பேன். "அன்ரி, ஒரு கொப்புத் தாங்கோ" என்று வருகிறவர்களுக்கு முறித்துக் கொடுத்துக் கொடுத்து, மண்ணில் நிற்கும் எதையும் நான் வாழவைத்துவிடுவேன் என்ற எண்ணம் எனக்கு வந்துவிட்டது. அந்த எண்ணத்தை உடைத்தது ஒரு கள்ளி.

கள்ளி என்னுடையதல்ல. பக்கத்து வீட்டு அம்மாவுடையது. வெள்ளைக்காரர், எழுபதைத் தாண்டியவர், தனி ஆள். என் மகள் பிறக்க வலி எடுத்த மத்தியானம், கணவர் வேலைத்தலத்தில். அவருடைய போன் பூட்டிய பெட்டிக்குள் இருந்தது. அப்போது நாங்கள் இந்தத் தெருவுக்கு வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. நான் வேலியைப் பிடித்துக்கொண்டு கத்தியதைக் கேட்டு, தோட்ட மண் அப்பிய கையோடு அந்த அம்மா காரை எடுத்தார். கணவர் வந்து சேரும்வரை ஆஸ்பத்திரியில் என் பக்கத்திலேயே இருந்தார். அப்போது எனக்கு ஆங்கிலம் வராது, அவருக்குத் தமிழ் தெரியாது. என் கையை மட்டும் விடவில்லை.

அதற்குப் பிறகு பதினேழு வருடம். பொங்கல், தீபாவளி என்று ஒன்றையும் விடாமல் அவருக்குப் பலகாரம் போகும். உறைப்பாக றோல்ஸ் பொரித்தால் முதல் தட்டு அவருக்குத்தான். அவர் எங்களிடம் ஒரு உதவியும் கேட்டதில்லை. போன வருடம்தான் முதல் தடவையாகக் கேட்டார்.

குயின்ஸ்லாந்தில் இருக்கும் தங்கைக்கு உடம்புக்கு முடியவில்லை, மூன்று மாதம் போய் நிற்கப் போகிறேன் என்றார். வாசற்படியோரம் கூரைக்குக் கீழே நின்ற பீப்பாய்க் கள்ளியைக் காட்டினார். இந்த வீட்டுக்கு வந்த வருடம் விதையிலிருந்து முளைக்க வைத்ததாம். முப்பது வருடத்துக்கு மேல். "இதற்கு ஒன்றும் செய்ய வேண்டாம். தண்ணீர் வேண்டவே வேண்டாம். யாரும் தூக்கிக்கொண்டு போகாமல் பார்த்தால் போதும்" என்றார். நான் தலையை ஆட்டினேன்.

தலையை ஆட்டினேனே தவிர நம்பவில்லை. எங்கள் வீடுகளில் 'வேண்டாம்' என்பதற்கு ஒரு மரியாதை இருக்கிறது, ஆனால் அதை யாரும் அப்படியே எடுத்துக்கொள்வதில்லை. சாப்பிட வந்தவர் "காணும், காணும்" என்று கையால் தட்டை மறைப்பார். விரல் இடுக்கால் இன்னொரு பிடி புட்டு வைப்பது வீட்டுக்காரியின் கடமை. சரி என்று சட்டியை மூடிவிட்டால் வந்தவர் நாலு வீட்டில் போய்ச் சொல்லுவார். இந்த அம்மா எங்களுக்குக் கரைச்சல் கொடுக்கக் கூடாது என்றுதான் இப்படிச் சொல்கிறார் என்று நினைத்தேன்.

அந்தக் கள்ளியை அதுவரை நான் கிட்ட நின்று பார்த்ததில்லை. முக்காலி அளவுக்கு உருண்டு திரண்டிருந்தது. சுற்றிவரச் சுருதிப் பெட்டியின் துருத்தியைப் போல மடிப்புகள். ஒவ்வொரு மடிப்பின் முதுகிலும் சிவந்த முட்கள். நடுமுள் தூண்டில்போல வளைந்திருக்கும், சட்டையில் கொளுவினால் சட்டையைக் கொடுத்துவிட்டு வரவேண்டியதுதான். மடிப்புகள் ஒடுங்கிப்போய் இருந்தன. எனக்கு அது வாடிக் கிடப்பதாகத் தோன்றியது. பாவம், கூரைக்குக் கீழே ஒரு துளி மழைகூடப் படவில்லை. தொட்டி சில்லுப் பலகையில் இருந்தபடியால் தள்ளுவது சுகம். வெளியே மழையில் தள்ளி விட்டேன்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். அரிசி கழுவின தண்ணீரை நான் ஒருநாளும் வீணாக்குவதில்லை, கறிவேப்பிலை அதில்தான் வளர்ந்தது. காலையில் ஒரு செம்பு கள்ளிக்கும் போனது. ஒரு மாதத்தில் மடிப்புகள் விரிந்து கள்ளி கொழுகொழுவென்று ஆனது. அந்த அம்மா வந்து பார்த்து அசந்து போவார் என்று எனக்குள் ஒரே சந்தோஷம், புளுகம்.

ஜூலை நடுவில், நடுக்குளிரில் ஒருநாள் அடிப்பக்கம் மஞ்சளாகத் தெரிந்தது. கரண்டிக் காம்பால் குத்திப் பார்த்தேன். பழுத்த பப்பாசிபோல உள்ளே போனது, ஒரு புளித்த வாடை வந்தது. கணவரைக் கூப்பிட்டேன்.

"நீர் இதுக்குத் தண்ணி விட்டனீரோ?" என்றார்.

"காலமை ஒரு செம்புதான். ஏன்?"

அவர் தலையைச் சொறிந்தார். "நான் வேலையால வந்து பின்னேரம் ஒரு வாளி விடுறனான். நீர் மறந்திருப்பீர் எண்டு நினைச்சன்."

கண்டபடி ஏசினேன். பிறகு யோசித்தால் அவருடைய வாளிக்கும் என் செம்புக்கும் அளவில்தான் வித்தியாசம். அந்த மனிசிக்கு என்ன முகத்தோடு பதில் சொல்லுவது? பதினேழு வருடத்தில் ஒரே ஒரு தரம் வாய் திறந்து கேட்டார், அதையும் அழுக வைத்துவிட்டோம். அழுதுவிட்டேன்.

மகள்தான் லேப்டொப்பைத் தூக்கிக்கொண்டு வந்தாள். "அம்மா, இட்ஸ் எ டெஸெர்ட் பிளான்ட்!" என்று தலையில் அடித்துக்கொண்டு வாசித்தாள். அமெரிக்காவிலும் மெக்சிக்கோவிலும் உள்ள பாலைவனங்களில், பரல் நிறைந்த மேட்டுச் சரிவுகளில் வளருகிறதாம். அங்கே மழை எப்போதோ ஒரு தரம் வரும். வேர் ஆழமாகப் போகாது, மேல்மண்ணிலேயே அகலமாகப் பரவி நின்று, வந்த மழையை ஒரே மூச்சில் குடித்துவிடும். மடிப்புகள் இருப்பது அதற்குத்தான்: குடித்தால் விரியும், காய்ந்தால் ஒடுங்கும். ஒடுங்கியிருப்பது வாட்டமல்ல, அதன் சுகமே அதுதான். குளிர்காலத்தில் ஒன்றும் குடிக்காமல் உறங்கும். நாங்கள் அதை உறங்கவே விடவில்லை.

வாசிக்க வாசிக்க வெட்கத்தோடு ஒரு மரியாதையும் வந்தது. ஒரு வருடத்துக்கு வேண்டியதை உடம்புக்குள் வைத்துக்கொண்டு, ஒருவரையும் கேட்காமல் நிற்கிற சீவன் அது.

வெட்டினால் தப்பலாம் என்று போட்டிருந்தது. கணவர் பழைய கம்பளத்தால் கள்ளியைச் சுற்றிக் கட்டிப்பிடித்துக் கவிழ்த்தார். நான் மீன் வெட்டும் கத்தியைச் சுடுதண்ணீரில் கழுவி, அழுகிய வேரையும் சதையையும் சீவினேன். கபிலநிறம் போய் வெள்ளைச் சதை தெரியும்வரை சீவினேன். அடியில் பாதி போய்விட்டது. வெட்டிய இடத்தில் கறுவாப்பட்டைத் தூள் பூசச் சொல்லியிருந்தது. அது மட்டும் என் குசினியில் நிறைய இருந்தது. பிறகு கராஜில் அரிசிச் சாக்கின்மேல் சரித்து வைத்தோம். தினமும் போய்க் குனிந்து மணந்து பார்ப்பேன். புளித்த வாடை திரும்ப வரவில்லை. ஆனால் உயிர் இருக்கிறதா என்றும் தெரியவில்லை.

ஓகஸ்ட் கடைசியில் அந்த அம்மா வந்து இறங்கினார். டாக்சி போவதற்குள் நான் அவருடைய கேற்றில் நின்றேன். பாடமாக்கி வைத்திருந்த ஆங்கிலம் எல்லாம் பறந்துவிட்டது. "உங்கள் செடியைக் கொன்றுவிட்டேன்போல இருக்கிறது. தண்ணீர் விட்டேன். மன்னியுங்கள்" என்று மட்டும் வந்தது. அவர் முகம் வெளிறியதைப் பார்த்தேன். கையிலிருந்த பையை அங்கேயே போட்டுவிட்டு என் பின்னால் கராஜுக்கு வந்தார்.

முழங்காலை ஊன்றி இருந்து, வெட்டின இடத்தைப் பெருவிரலால் அழுத்தினார். மணந்து பார்த்தார்.

"யார் வெட்டியது?"

"நான்."

"நன்றாக வெட்டியிருக்கிறாய். தோல் மூடியிருக்கிறது." பிறகு கேட்டார், "எவ்வளவு தண்ணீர் விட்டாய்?"

செம்பையும் சொன்னேன், வாளியையும் சொன்னேன். அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார். தனக்கு உறைப்பு ஒத்துக்கொள்ளாது என்று பதினேழு வருடமாகச் சொல்லியும் நாங்கள் றோல்ஸ் அனுப்புவதை நிறுத்தவில்லையே என்றார். எனக்கு நிலம் பிளந்து உள்ளே போகலாம்போல இருந்தது. அவ்வளவும் எங்கே போனது என்று கேட்டேன். வேலை பார்த்த காலத்தில் கூட வேலை செய்தவர்கள் சண்டை பிடித்துச் சாப்பிட்டார்களாம், இப்போது தபால்காரர் காத்திருக்கிறாராம்.

செப்ரெம்பரில் இருவருமாக அதைக் காய்ந்த பரலில் நட்டோம். ஒக்ரோபர் முடிவில் அவர் என்னைக் கூப்பிட்டு, கையுறை போட்ட கையால் கள்ளியை மெல்ல ஆட்டிக் காட்டினார். அசையவில்லை. வேர் பிடித்துவிட்டது. கோடையில் வழக்கமாக உச்சியில் வட்டமாக மஞ்சள் பூ பூக்குமாம், இந்தத் தரம் ஒன்றும் பூக்கவில்லை. நிற்கிறது, அது போதும் எனக்கு.

இந்த வருடம் அந்த அம்மாவுக்கு முழங்கால் ஒப்பரேஷன். போன கிழமை ஒரு படிவத்தோடு வந்தார். ஏதாவது அவசரமென்றால் முதலில் யாரை அழைப்பது என்ற கோட்டில் என் பெயரையும் நம்பரையும் எழுதியிருந்தார். சம்மதமா என்று கேட்டார்.

"தங்கை இருக்கிறாரே. நான் உங்கள் செடியை அழுக வைத்தவள்."

"ஓம், அழுக வைத்தாய். ஆனால் நான் பையைக் கீழே வைக்கும் முன்பே வந்து சொன்னாய். எனக்கு ஒன்று நடந்தால், டொக்டரிடம் கேட்டு உள்ளதை உள்ளபடி சொல்ல ஒருவர் வேண்டும்" என்றார்.

இந்த நாட்டுக்கு வந்த நாளிலிருந்து எத்தனையோ படிவங்களில் அந்தக் கோட்டுக்கு முன்னால் பேனையோடு முழித்திருக்கிறேன். கணவரை விட்டால் எழுத ஆள் இருந்ததில்லை. இன்னொருவருடைய படிவத்தில் அந்தக் கோட்டில் நான் இருப்பது இதுதான் முதல் தடவை. எங்கள் ஆட்கள் நெருங்கியவர்களிடம் வாய்விட்டு நன்றி சொல்வதில்லை. நான் சொன்னேன், தமிழில்தான் வந்தது, அவர் தலையை ஆட்டினார்.