ஒற்றை ஜன்னல் வெளிச்சம்

ஒளிப்பதிவாளர் அன்செல்மோ பெருமென் காலில் சக்கரம் கட்டிக்கொண்டு பிறந்தவர். சினிமாவுக்குப் போனால் பத்து நிமிஷம் உட்கார மாட்டார். "அந்த விளக்கு அங்க எதுக்கு?" என்று எழுந்துவிடுவார். பின்வரிசைக்காரன் திட்டு எனக்குத்தான் விழும்.

நான் எதுவிகெஸ். மெக்சிகோ நகரத் தொலைக்காட்சித் தொடர்களில் இருபத்திரண்டு வருஷம் அவர் பக்கத்தில் நின்று மேக்கப் போட்டவள். அவருக்கு இருந்த ஆசை ஒன்றுதான். ஒரு சினிமாத் திரையில் 'ஒளிப்பதிவு' என்று போட்டு, கீழே தன் பெயர் தனியாக வர வேண்டும். சினிமா ஒளிப்பதிவாளர் சங்கத்தில் மூத்தவர் ஒருவர் செத்தால்தான் அடுத்தவருக்கு நாற்காலி. பதினேழு வருஷம் உதவியாளராகவே காத்திருந்துவிட்டு, பொறுக்கமாட்டாமல் தொடருக்கு வந்தார்.

தொடரில் ஒரு நாளைக்கு முப்பது காட்சி. மூன்று கேமரா. எல்லாப் பக்கமும் விளக்கு, நிழலே கூடாது. நடிகர்கள் வசனம் படிப்பதில்லை. காதுக்குள் ஒரு குட்டிக் கருவி, கண்ணாடி அறையிலிருந்து ஒருத்தி வாசிக்க வாசிக்க, அதைக் கேட்டு அப்படியே சொல்லிவிடுவார்கள்.

ஒரு செவ்வாய்க்கிழமை, தன் படத்தில் விதவை வேஷத்துக்கு ஆள் தேடிக்கொண்டு இளம் இயக்குநர் ஒருவர் எங்கள் செட்டுக்கு வந்தார். அன்று, மகன் சவப்பெட்டி முன்னால் எங்கள் தொடர் நடிகை லியோனோர் இதுவார்த்தே புலம்பும் காட்சி. அன்செல்மோவுக்கு இருப்புக் கொள்ளவில்லை.

"எதுவி, இன்னிக்கு அந்தப் பையனுக்கு வேலைன்னா என்னன்னு காட்டுறேன் பாரு."

"யோவ், வம்பை விலைக்கு வாங்காதே."

கேட்டால்தானே? ஜன்னல் விளக்கு ஒன்றை விட்டு மற்றதையெல்லாம் அணைக்க ஓடினார். ஒவ்வொன்றாக அணைக்கப் பொறுமையில்லை. கேமரா ஓட ஆரம்பித்ததும் பெரிய சுவிட்சையே இழுத்துவிட்டார். ஜன்னல் விளக்குக்கும் கேமராவுக்கும் தனி லைன். காதுக் கருவிக்கு அவர் அணைத்த அதே லைன்தான்.

லியோனோர் வாயைத் திறந்தாள். காதில் வசனம் வரவில்லை. கையும் ஓடாமல் காலும் ஓடாமல் ஜன்னலையே பார்த்தாள். உதடு நடுங்கியது, பயத்தில் கண் நிறைந்தது. அவள் நடித்து நான் கண்ட ஒரே நல்ல காட்சி அதுதான். பார்த்துக்கொண்டிருந்த எனக்கே அழுகை வந்துவிட்டது. இளம் இயக்குநர் கை தட்டினார்.

விதவை வேஷம் லியோனோருக்குக் கிடைத்தது. அந்த இயக்குநர் தன்னையும் கூப்பிடுவார் என்று அன்செல்மோ போனும் கையுமாக ஒரு மாதம் அலைந்தார். அடுத்த மாதம் என் மேக்கப் நாற்காலியில் உட்கார்ந்து லியோனோரே சொன்னாள்: "அந்தாள் மட்டும் கேமராவைத் தொடக் கூடாதுன்னு கண்டிஷன் போட்டுட்டேன். என் கழுத்துச் சுருக்கத்தையெல்லாம் ஊருக்கே காட்டிட்டான்டி." அன்று அவளுக்குப் பவுடரைத் திட்டுத்திட்டாக அப்பி அனுப்பினேன். அன்செல்மோவிடம் மறைக்கவும் மனசு வரவில்லை, சொல்லிவிட்டேன். சிரித்தார்.

படம் வந்ததும் இருவரும் பகல் காட்சிக்குப் போனோம். அதில் அதே ஜன்னல், அதே விளக்கு, பேச்சே இல்லாத அதே அழுகை. 'ஒளிப்பதிவு' என்ற இடத்தில் வேறு யாரோ ஒருவன் பெயர். எழுந்து கத்தப்போகிறார் என்று அவர் சட்டையைப் பிடித்துக்கொண்டேன். அவர் அசையவில்லை.

கடைசிப் பெயரும் மேலே போய்த் திரை வெள்ளையாகிவிட்டது. தியேட்டரைக் கூட்டுகிறவள் எங்கள் வரிசைக்கு வந்து நின்றாள்.

"முடிஞ்சுபோச்சுய்யா, எழுந்திரு," என்றேன்.

"இரு எதுவி," என்றார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "இன்னும் பேர் வரும்."