கொர்னேலியஸ் கேட்காத ஏலம்

மனிட்டோபாவின் தெற்குப் பகுதியில், ப்ளூம்ஹோஃப் கிராமத்தில், கொர்னேலியஸ் தேவ்ஸுக்குக் கூடப்பிறந்தவள் என்று சொல்ல அகனேதா ஒருத்திதான். அப்பாவின் இரண்டாம் தாரத்துக்கு ஆறு பிள்ளைகள் உண்டு. முதல் தாரத்து வயிற்றில் பிறந்தவர்கள் இவர்கள் இரண்டு பேர்தான். அம்மா போனபோது அவளுக்கு நாலு வயது, இவனுக்குப் பதினொன்று. அவளுக்குத் தலை பின்னிவிட்டதும் பனியில் தோளில் தூக்கிப் போனதும் இவன்தான். பீட்டர் ஹீபர்ட்டின் கடைசி மகன் ஈசாக்குக்கு அவளைக் கொடுத்தபோது, மூன்றே வீடு தள்ளித்தானே இருக்கிறாள் என்று நிம்மதியாக இருந்தான்.

கோதுமைக்கு நல்ல விலை இருந்த வருஷத்தில் ஈசாக் டவுன் கடைக்காரர் ஒருவரிடம் கதிரடிக்கும் மிஷினைக் கடனுக்கு வாங்கினான். லீசே, மோட் என்ற தன் இரண்டு உழவுக் குதிரைகளையும் ஈடாக எழுதிக் கொடுத்தான். அப்புறம் விலை படுத்துவிட்டது. கடைக்காரர் கோர்ட்டுக்குப் போனார். சத்தியம் செய்வதும் வழக்காடுவதும் இந்த ஊர்க் கிறிஸ்தவ சபைக்காரர்களுக்கு ஆகாது. ஈசாக் அந்தப் பக்கமே போகவில்லை. எதிர்த்துப் பேச ஆளில்லாமல் தீர்ப்பாகிவிட்டது. உழவு தொடங்க ஒரு வாரம் இருக்கும்போது கோர்ட்டு அமீனா வந்து, சனிக்கிழமை ஏலம் என்று கொட்டகைக் கதவில் நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போனார்.

அன்று சாயங்காலம் கொர்னேலியஸின் மனைவி சாரா மாவு பிசைந்துகொண்டே பேச்சை எடுத்தாள்.

“பெட்டியில நூத்தி நாப்பது டாலர் சும்மாத்தானே கெடக்கு? ரெண்டையும் ஏலத்துல எடுத்து, அவங்க கொட்டாயிலேயே கட்டிட்டு வந்துடுங்க.”

“கோர்ட்டு ஏலத்துல நம்மாளு வாயத் தொறக்கலாமா? சகோதரன் கஷ்டத்துல ஏலம் கேட்டவன்னு சபையில ஒருத்தன் என் பக்கத்துல உக்காருவானா?”

“நமக்காகவா கேக்கறீங்க? உங்க தங்கச்சிக்குத்தானே?”

“யாருமே கேக்கலேன்னா அமீனா என்ன பண்ணுவாரு? வெறுங்கையோட திரும்பிப் போவாரு.”

“வெளியூர்க்காரன் எவனாவது வந்தா?”

“பனி உருகிக் கெடக்கற இந்தச் சேத்துல எவன் வருவான்?”

ஊர் ஆண்கள் எல்லோரும் பேசி வைத்திருந்ததும் அதுதான். சனிக்கிழமை நாற்பது பேர் ஈசாக்கின் முற்றத்தில் கூடி, சூரியகாந்தி விதையைக் கடித்துத் தோலைத் துப்பிக்கொண்டு நின்றார்கள். கொர்னேலியஸ் எதற்கும் இருக்கட்டும் என்று பணத்தைச் சட்டைக்குள் வைத்திருந்தான். அமீனா குதிரைகளை வெளியே கொண்டுவரச் சொன்ன நேரத்துக்கு, முழங்கால் வரை சேறு அப்பிக்கொண்டு ஒரு குதிரை வியாபாரி வந்து சேர்ந்தான்.

“வண்டி எங்கியாவது மாட்டிக்கும்னு பாத்தா, பாவி, நடந்தே வந்துட்டானே,” என்றார் கிழவர் டிர்க் ப்ரோன்.

வியாபாரி குதிரைகளின் பல்லைப் பார்த்தான். “சோடிக்கு நாப்பது டாலர்.”

அமீனா சுற்றிப் பார்த்தார். “நாப்பது டாலர், ஒரு தரம். ஏம்பா, யாரும் கேக்கலியா? ஒண்ணே நூறு பெறும்பா.”

விதைத் தோல் துப்புகிற சத்தம்கூட நின்றுபோனது.

“இது என்ன ஏலமா, ஜெபக் கூட்டமா?” என்று வியாபாரி சிரித்தான்.

“ரெண்டு தரம்.”

அகனேதா சமையலறை வாசலில் நின்று நேராக அண்ணனையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாற்பத்தைந்து என்று ஒரு வார்த்தை. அது கொர்னேலியஸின் தொண்டை வரை வந்தது. வலப்பக்கம் பார்த்தான், சபை மூப்பர் நின்றார். இடப்பக்கம் சின்னம்மா மகன் யாக்கோபு. கொர்னேலியஸ் குனிந்து தன் பூட்ஸைப் பார்த்தான்.

“மூணு தரம்.”

குதிரைகள் தெருமுனையைத் தாண்டியபோதுதான் அவனுக்குக் கால் வந்தது. ஓடிப்போய் வியாபாரியை மறித்தான்.

“எம்பது டாலர் தர்றேன், குடுத்துடுய்யா.”

“இருநூத்தம்பதுக்கு ஆள் சொல்லி வெச்சாச்சு. அங்க நாப்பத்தஞ்சுன்னு சொல்லிருந்தா நானே வெலகிப் போயிருப்பேன். எங்கிட்ட இருந்ததே நாப்பதுதான்.”

அந்தப் பேச்சைக் கொர்னேலியஸ் சாகும்வரை யாரிடமும் சொல்லவில்லை, சாராவிடம் மட்டும் ஒரே ஒரு தரம் சொன்னான்.

மறுநாள் பணத்தை எடுத்துக்கொண்டு தங்கை வீட்டுக்குப் போனான். “வேற குதிர வாங்கிக்கோ மச்சான்.”

ஈசாக் தொடவில்லை. “நேத்து எனக்கு வேண்டியிருந்தது உங்க காசு இல்ல மச்சான், வாய்தான். குதிர போயும் கடன் தீரல. மிச்சத்துக்கு அமீனா மறுபடி வருவாரு. இந்த முத்தத்துல நாப்பது பேரு நின்னாங்க. இனிமே அவங்க முகத்துல நான் எப்படி முழிக்கிறது? வடமேக்கே ரொம்ப தூரத்துல, பீஸ் ரிவர் பக்கம் காட்டு நெலம் சும்மா குடுக்கறாங்களாம், போறோம்.”

“அகனேதா, நீயாவது சொல்லும்மா.”

அவள் அடுப்பைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். பிறகு கையைப் பாவாடையில் துடைத்துவிட்டு நீட்டினாள்.

“குடுங்கண்ணே. ரயில் டிக்கெட்டுக்கு ஆகும்.”

மறுக்க அவனுக்கு ஏது முகம்? நூற்று நாற்பதையும் அவள் கையில் எண்ணி வைத்தான். அறுவடைக்கு முன்னாலேயே அந்த வீடு காலியானது. அதற்கப்புறம் அண்ணனும் தங்கையும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவே இல்லை.