கேஸ் போட்டவளும் கேஸ்காரரும் ஒரே ஸ்கூட்டரில்

போன வருஷம் வைகாசியில ஒரு சனிக்கிழமை காலை. திண்டுக்கல் கோர்ட்டு வாசல்ல நானும் என் வீட்டுக்காரரும் நின்னுக்கிட்டு இருந்தோம். அன்னைக்கு மக்கள் நீதிமன்றம். நான் போட்ட செக் கேஸ் சமாதானமா முடியப் போற நாள். எல்லாரும் வந்தாச்சு, கேஸ்ல எதிரியான ஆளை மட்டும் காணோம்.

அவரு ரெட்டியார்சத்திரம் பக்கத்துக் கல்யாண சமையல்காரர். பல வருஷமா எங்க மளிகைக் கடையிலதான் சாமான் எடுப்பாரு, வாய் நிறைய அக்காம்பாரு. ஒரு பெரிய கல்யாணத்துக்கு எடுத்த சாமானுக்கு அவரு குடுத்த செக்கு, கணக்குல பணமில்லாம திரும்பிருச்சு. கல்யாண வீட்டுக்காரங்க அவருக்குக் கூலியே தரலையாம். இருந்த கோபத்துல அதெல்லாம் என் காதுல ஏறல. மூணு வருஷம் வாய்தா வாய்தான்னு அலைஞ்சோம். ஒரே வராண்டாவுல ஆளுக்கொரு மூலையில உட்கார்ந்திருப்போம், பேச்சுவார்த்தை கிடையாது. கடைசியில வக்கீல்கள் பேசி, வட்டியை நான் விட்டுர்றது, அசலை அவரு ரெண்டு தவணையில கட்டிர்றதுன்னு முடிவாச்சு.

இன்னைக்கு அவரு வராட்டி பேசுனதெல்லாம் வீணாயிரும், அவருக்கு வாரண்ட் கூட வரலாம்னு எங்க வக்கீல் சொன்னாரு. மறுபடியும் முதல்ல இருந்தா? ரோஷத்தை ஓரங்கட்டிட்டு நானே போன் போட்டேன். தாடிக்கொம்புல ஒரு மண்டபத்துல சமையலாம்! சனிக்கிழமை கோர்ட்டு லீவுதானே, மிச்சத்தை வக்கீல் பார்த்துக்குவாருன்னு முகூர்த்தத்துக்கு அட்வான்ஸ் வாங்கிட்டாராம்.

"செத்த நேரத்துல பந்தி. இப்ப விட்டுட்டு வந்தா இந்தத் தொழில்ல என் பேரே போயிரும்"னு அழாத குறையா சொன்னாரு.

இந்த மனுசனை என்ன செய்ய? வண்டியை எடுங்கன்னேன் என் வீட்டுக்காரர்கிட்ட.

போய்ப் பார்த்தா ரசம் தவிர எல்லாம் இறக்கியாச்சு. உதவிக்கு ஆளுக இருந்தாங்க. ஆனா பொண்ணு வீட்டுக்காரங்க வந்து கேட்டா பதில் சொல்ல மாஸ்டர்னு ஒருத்தர் நிக்கணுமாம். நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். வீட்டுல வெந்நி கூட வச்சு அறியாதவரு. சமையல்காரர் தன் துண்டை எடுத்து அவரு தலையில கட்டி, கரண்டியைக் கையில குடுத்தாரு.

"கொதிக்க விட்றாதீங்கண்ணே. நுரை கட்டுனதும் எறக்கிருங்க. அம்புட்டுதான்."

எனக்கு வண்டி ஓட்டத் தெரியாது. எங்க ஸ்கூட்டரை சமையல்காரர் ஓட்ட, நான் பின்னால. பாதி வழியில அவரு மெதுவா, "உளுந்து இப்ப என்ன வெலை?"ன்னு கேட்டாரு. நானும் பழக்கதோஷத்துல சொல்லிட்டேன். கோர்ட்டு வர்றதுக்குள்ள துவரம்பருப்பு, அவரு மக படிப்பு, என் முட்டிவலி எல்லாம் பேசி முடிச்சிருந்தோம். நாங்க ஒண்ணா வந்து எறங்குனதைப் பார்த்து எங்க வக்கீலுக்குக் குடிச்ச டீ புரையேறிருச்சு.

பெருங்காய வாசத்தோட அவரு உள்ள வந்து நிக்க, நீதிபதியம்மா, "அடுப்படியில இருந்து நேரா வர்றீங்களா?"ன்னு கேட்டாங்க. எல்லாரும் சிரிச்சுட்டாங்க. முதல் தவணையைக் குடுத்தாரு, ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டோம், கேஸ் முடிஞ்சது.

மண்டபத்துக்குத் திரும்புனா, பொண்ணோட அப்பா என் வீட்டுக்காரர் கையைப் பிடிச்சுக்கிட்டு, ரசம் அபாரம் மாஸ்டர்னு சொல்லிக்கிட்டு இருக்காரு! இவருக்குப் பிடிபடாத பெருமை. கடைசிப் பந்தியில எங்களுக்கு இலை போட்டு சமையல்காரரே பரிமாறினாரு. "இன்னும் கொஞ்சம்க்கா"ன்னு பாயசத்தை ஊத்தினாரு. அவரு வாயில அந்த 'அக்கா'ங்கிற வார்த்தையைக் கேட்டு மூணு வருஷமாச்சு. எனக்குக் கண்ணு கலங்கிருச்சு.

இப்பவும் அவருக்கு எங்க கடைதான். யார் மேலயாவது எனக்கு மனசு முறுக்கிக்கிட்டா, அவங்க வண்டி ஓட்ட நான் பின்னால உட்கார்ந்து போவேனான்னு யோசிச்சுப் பார்ப்பேன். போவேன்னு தோணுச்சுன்னா, வக்கீலைத் தேடாம முதல்ல அவங்களுக்கே ஒரு போன் போட்டுருவேன்.