முடிப்புப் பாட்டு

நான் மேடையேறியதற்குக் காரணம் ஒரு மீசை. எங்கள் குடியேற்றத் திட்டத்து நாடகக் குழுவில் பெண் வேடம் கட்டிக்கொண்டிருந்த உழவு இயந்திரச் சாரதியின் மீசை அது. அந்தக் காலத்தில் இசை நாடகத்தில் ராணியென்றாலும் குறத்தியென்றாலும் ஆண்பிள்ளைதான் சேலை கட்டுவார். திருவிழா நெருங்கிய நேரத்தில் அந்த மனிதர், மீசையை வழிக்க மாட்டேன் என்று ஒற்றைக்காலில் நின்றுவிட்டார். அவருக்குப் பெண் பார்த்திருந்தார்களாம். மீசையோடு பார்த்துச் சம்மதித்த பெண், மீசையில்லாத முகத்தைக் கண்டால் வேண்டாமென்று சொல்லிவிடுவாள் என்று பயம். அந்த முகத்தை நானும் பார்த்திருக்கிறேன். பயம் நியாயமானதுதான்.

குழுவின் ஆர்மோனியக்காரர் கிளிநொச்சியில் தையல்கடை வைத்திருந்தார். நான் பிள்ளையார் கோயிலில் தேவாரம் பாடுவதைக் கேட்டிருக்கிறார். கழுத்தில் அளவு நாடா தொங்க, சைக்கிளில் எங்கள் வீட்டுக்கு வந்து இறங்கினார்.

"ஒருக்கால் மட்டும் தங்கச்சியை விடுங்கோ. மீசை இல்லாமல் பாடக்கூடிய ஆள் எனக்கு வேறை கிடைக்கேல்லை" என்று அப்பாவிடம் கேட்டார்.

அப்பா மண்வெட்டியை நிலத்தில் ஊன்றிக்கொண்டு யோசித்தார். "பொம்பிளைப்பிள்ளை மேடையேறுறதோ? ஊர் என்ன சொல்லும்?"

குசினிக்குள் இருந்து அம்மாவின் குரல் வந்தது. "எந்த ஊர்? நாங்கள் இஞ்சை வந்து காடு வெட்டேக்கை அந்த ஊர் வந்ததோ? உங்களைப் பாம்பு கடிச்சேக்கை வந்ததோ? அவள் பாடட்டும்."

அப்பா மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு வயலுக்குப் போனார். காணியும் வாய்க்கால் தண்ணீரும் கிடைக்குதென்று யாழ்ப்பாணத்தை விட்டு வந்த குடும்பம் நாங்கள். சொந்தக்காரரெல்லாம் அங்கேதான். அவர்களுடைய வாய் ஆனையிறவைத் தாண்டி எங்கள் வீட்டு வாசலுக்கு வருவதற்குள் நான் நாலைந்து நாடகம் ஆடி முடித்துவிட்டேன். வன்னியில் இருப்பதில் அப்படியும் ஒரு வசதி இருந்தது.

முதல் நாடகம் முடிந்து மேடைக்குப் பின்னால் நின்றபோது பெண்கள் கூட்டமாக வந்து என்னைச் சுற்றி நின்றார்கள். ஒருத்தி என் கன்னத்தைப் பிடித்துக் கிள்ளினாள். "அச்சுப் பொம்பிளை மாதிரியே இருக்கிறான்! எந்த ஊர்ப் பொடியனடா நீ?" என்றாள். "நான் பொம்பிளைதான் அக்கா" என்றேன். "போடா, குரலைக்கூட மாத்திறான்!" என்று அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். நான் எவ்வளவு சொல்லியும் ஒருவரும் நம்பவில்லை. பிறகு அம்மா வந்து, "என்ரை மகளின்ரை கன்னத்தை விடுங்கோடி" என்று போட்ட சத்தத்தில்தான் நம்பினார்கள்.

'ஒருக்கால் மட்டும்' என்றது வருடக்கணக்காக நீண்டது. புளியங்குளம், மல்லாவி, நெடுங்கேணி என்று திருவிழா நடந்த இடமெல்லாம் உழவு இயந்திரப் பெட்டியில் ஏறிப் போனோம். சீன் துணிகளைச் சுருட்டி அதன்மேல் நான் இருப்பேன், பக்கத்தில் அம்மா இருப்பா, நடுவில் ஆர்மோனியம் இருக்கும். எங்கள் நாடகம் யாழ்ப்பாணத்தைப் போல விடிய விடிய நடப்பதில்லை. காட்டோரக் கிராமங்களில் இருட்டினால் தெருவில் யானை நிற்கும் என்று பின்னேர வெயிலிலேயே தொடங்கிவிடுவார்கள். முகத்தில் அப்பிய முத்துவெள்ளை அந்த வெயிலுக்கு உருகிக் கழுத்தால் இறங்கும். மகாராணி என்று வந்து நிற்பேன், கடைசிக் காட்சியில் சுண்ணாம்படித்த சுவரில் மழை பெய்த மாதிரி இருப்பேன். ஆனால் வாயைத் திறந்தால் போதும், சனம் வாயை மூடிவிடும். இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. என் குரல் நல்ல குரல்.

இனி ராஜபார்ட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். கதாநாயகனை அப்படித்தான் சொல்வோம். எங்கள் ராஜபார்ட் நெடுங்கேணிப் பக்கத்தில் ஒரு கிராமத்துக்காரர். தகப்பன் இல்லை. தாயும் மகனுமாக வயல் செய்தார்கள். நல்ல உயரம், நல்ல நிறம், தான் அழகன் என்பது தனக்கே நன்றாகத் தெரிந்த அழகன். பாடுவதற்கு முன் கற்கண்டு வாயில் போட்டுக்கொள்வார். எனக்கும் ஒரு துண்டு தருவார். மற்ற ஒருவருக்கும் கொடுக்க மாட்டார். அதிலேயே விஷயம் தொடங்கிவிட்டது.

எங்கள் நாடகங்களில் சனம் காத்திருப்பது தர்க்கத்துக்குத்தான். ராஜா காட்டுப் பக்கம் வந்து ஒரு பெண்ணைக் கண்டு, என்னைக் கட்டு என்று பாட்டில் கேட்பார். அவள் பாட்டிலேயே மறுப்பாள். அவர் விடமாட்டார். இதில் கதைக்கு வேண்டிய பாட்டு கொஞ்சந்தான். மற்றதெல்லாம் அந்த இடத்திலேயே கட்டிப் பாடுவது. எந்த மெட்டில் கேள்வி வந்ததோ அந்த மெட்டிலேயே பதில் வரவேண்டும். பதில் வரும்வரை ஆர்மோனியக்காரர் பல்லவியைத் திருப்பித் திருப்பி வாசித்துக்கொண்டிருப்பார். தாமதித்தால் சனம் கூவென்று கூவிவிடும்.

ஒருமுறை மல்லாவியில் அவர், என் கண் இரண்டும் வண்டு என்று பாடினார். நான் விடவில்லை. வண்டு பிடித்தால் வயலுக்கு மருந்தடிப்பார்கள், பெண் கேட்க வரமாட்டார்கள் என்று பதில் பாடினேன். முன்னால் இருந்தவர்கள் எல்லாரும் அந்தப் போகம் வண்டால் நட்டப்பட்ட கமக்காரர். அவர்கள் சிரித்த சிரிப்பில் அவருக்கு அடுத்த அடி மறந்து போயிற்று. மேடையிலேயே என்னைப் பார்த்துச் சிரித்தார். எனக்கு நெஞ்சுக்குள் குளிர்ந்தது. அன்றைக்கே எனக்கு அவரில் விருப்பம் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அம்மாவுக்கு அதற்கு முதலே தெரிந்திருந்தது.

அவருடைய தாயார் தட்டத்தில் வெற்றிலை பாக்கு வைத்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தா. என்னை மேலும் கீழும் பார்த்தா. கறியை ருசி பார்த்தா, எங்கள் வயலைப் பார்த்தா, எல்லாம் பிடித்திருந்தது. நானும் அன்றே 'மாமி' என்று கூப்பிடத் தொடங்கிவிட்டேன். புறப்படும்போது வாசலில் நின்று சொன்னா: "கலியாணத்தோடை மேடை சரி. என்ரை மருமகள் நாலு பேர் பாக்க ஆடக்கூடாது."

அப்பா ஓம் ஓம் என்று தலையாட்டினார். எனக்கு அவரும் வேண்டும், பாட்டும் வேண்டும். இரண்டில் ஒன்றை எடு என்றால் நான் எங்கே போவேன்? அவர் மட்டும் தொடர்ந்து ராஜா வேடம் கட்டலாமாம். அதை நினைக்க நினைக்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அவரிடமே கேட்டேன். ஒத்திகைக்கு வந்தவர் வாய்க்கால் கட்டின்மேல் சைக்கிளைச் சாய்த்துவிட்டு நின்றார்.

"நீங்கள் என்ன சொல்லுறியள்? நான் பாடலாமோ, பாடக்கூடாதோ?"

"அம்மாவோடை கதைச்சுப் பாப்பம்."

அடுத்த ஒத்திகையிலும் கேட்டேன். "பாப்பம்" என்றார். பொங்கலும் வந்து போனது. "அவசரப்படாதையும், பாப்பம் எண்டு சொல்லுறனெல்லே" என்றார். கலியாணத்துக்கு நாள் வைத்தாயிற்று, கூறைச்சேலை எடுத்தாயிற்று, அவர் இன்னமும் பார்த்துக்கொண்டேயிருந்தார்.

கலியாணத்துக்கு முதல் எங்களுடைய கடைசி நாடகம் அவருடைய ஊர்க் கோயில் திருவிழாவில். மேடைக்கு முன்னால் ஒரே ஒரு கதிரை. அதில் மாமி. மற்றச் சனமெல்லாம் மணலில் பாய் போட்டு இருந்தது. கலியாண மாப்பிள்ளையும் பெண்ணும் ராஜாவும் பெண்ணுமாக வருகிறார்கள் என்று பக்கத்து ஊர்ச் சனமும் மாட்டுவண்டில் கட்டிக்கொண்டு வந்திருந்தது.

தர்க்கம் தொடங்கியது. இரண்டு பேருக்கும் பொதுவாக மேடை நடுவில் கயிற்றில் தொங்கிய ஒலிவாங்கியை இழுத்துப் பிடித்துக்கொண்டு, அவர் வழக்கம்போல என்னைக் கட்டிக்கொள் என்று பாடினார். நான் திட்டமிட்டு வரவில்லை, சத்தியமாகச் சொல்கிறேன். அவர் முகத்தையும் அந்தக் கதிரையையும் சேர்த்துப் பார்த்தேன். வாய்க்கு வந்துவிட்டது.

மாலையிட வந்தவரே, மன்னவரே, சொல்லும்!
நாளையெந்தன் பாட்டுக்கு நாவிலொரு பூட்டோ?
சோலைக்குயில் வீட்டுக்குள்ளே சொந்தமென்று வந்தால்
வாயலகைக் கட்டிவைத்து வளர்த்திடுவீரோ?

சனத்துக்கு விளங்கிவிட்டது. மாமி வைத்த நிபந்தனை ஊர் முழுக்கத் தெரிந்த கதை. பெண்கள் பக்கத்தில் ஒரு சலசலப்பு. பின்னால் இருந்து யாரோ, "சொல்லுமன் ராசா, மறுமொழி சொல்லும்!" என்று கத்தினார்கள். ஆர்மோனியக்காரர் கண்ணாடிக்கு மேலால் அவரைப் பார்த்துக்கொண்டு பல்லவியை வாசித்தார். மறுபடியும் வாசித்தார். கூவ வேண்டிய சனம் கூவவில்லை. எல்லாரும் அவருடைய வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஓம் என்று ஒரு சொல் வந்திருந்தால் போதும். மெட்டுப் பிழைத்திருந்தாலும் பரவாயில்லை. மாட்டேன் என்று பாடியிருந்தாலும், அட, மனுசன் நேரே சொன்னார் என்று இருந்திருப்பேன்.

தர்க்கத்தை முடிப்பதற்கென்று ராஜபார்ட்டுக்கு ஒரு பாட்டு உண்டு. முடிப்புப் பாட்டு என்போம். நிலவு, தாமரை, ஏழு பிறவி என்று போகும். எத்தனை வருடமாகவோ எல்லா ராஜபார்ட்டும் பாடுகிற அதே பாட்டு. நேரம் போய்விட்டால், அல்லது பதில் வராவிட்டால், அதைப் பாடிவிடலாம். பாடினால் தர்க்கம் முடிந்தது. பெண் அதற்குமேல் ஒன்றும் கேட்கக்கூடாது. மனமிளகி மாலை போட வேண்டும்.

அவர் கதிரைப் பக்கம் ஒருமுறை பார்த்தார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு முடிப்புப் பாட்டை எடுத்தார்.

அப்படி அழகாக அவர் ஒருநாளும் பாடியதில்லை. சனம் தன்னை மறந்து கை தட்டியது. நான் கேட்ட கேள்வி அந்தக் கைதட்டலுக்குள் எங்கேயோ போய்விட்டது. ஆனால் மேடை மேடைதான். நான் தலையைக் குனிந்து வெட்கப்பட்டுக் காட்டி, காகிதப் பூமாலையை எடுத்து அவருடைய கழுத்தில் போட்டேன். மேளம் கொட்டியது. முன்வரிசைப் பெண்கள் பூவெறிந்தார்கள்.

வேடம் கலைக்கிற கிடுகுக் கொட்டிலுக்குள் மாமி கதலி வாழைப்பழச் சீப்போடு வந்தா. நல்ல சந்தோசம்.

"நல்ல பாட்டுப் பிள்ளை! என்ரை மோன் முழிச்சுக்கொண்டு நிண்டதைப் பாத்தியே? சின்னனிலை இருந்தே அப்பிடித்தான். எதெண்டாலும் அவனுக்கு நான்தான் சொல்ல வேணும். சரி, ஆசை தீரப் பாடிப்போட்டாய். இனி உந்த முத்துவெள்ளைப் பேணியை ஆருக்கும் குடுத்துவிடு."

அந்த மனுசியில் எனக்குக் கோபம் வரவில்லை. அவ மனதில் இருந்ததை வாசலிலேயே நேரே சொன்னவ. மகன்தான் ஒன்றும் சொல்லவில்லை. நான் அந்தத் தகரப் பேணியை எடுத்து மூடி, என் பெட்டிக்குள் வைத்தேன்.

"இல்லை அம்மா. இது எனக்கு வேணும்" என்றேன்.

மாமி என்று கூப்பிட்ட வாய் அம்மா என்று கூப்பிட்டதை அவ கவனித்தா. வழியில் காணும் எந்த முதிய பெண்ணையும் அப்படித்தானே கூப்பிடுவோம். வாழைப்பழச் சீப்பைப் பெட்டிமேல் வைத்துவிட்டுப் போய்விட்டா.

வெளியே அவர் நின்றார். கிரீடத்தைக் கழற்றிக் கையில் வைத்திருந்தார்.

"சனத்துக்கு முன்னாலை நீர் அப்பிடிக் கேட்டிருக்கக் கூடாது."

"வாய்க்கால் கட்டிலை கேட்டன், பாப்பம் எண்டியள். மேடையிலை கேட்டன், முடிப்புப் பாட்டைப் பாடிப்போட்டியள். இனி நான் எங்கை கேக்கிறது?"

அவர் கிரீடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அதில் ஒட்டியிருந்த கண்ணாடித் துண்டொன்று கழன்று விழுந்தது. குனிந்து அதைத் தேடத் தொடங்கினார். மனுசன் உண்மையிலேயே தேடினார். நான் காத்திருந்து பார்த்துவிட்டு நடந்தேன்.

உழவு இயந்திரப் பெட்டியில் ஏறியதும் அழுதேன். கொஞ்சமாக அல்ல, ஊர் எல்லை தாண்டுமட்டும் குழறி அழுதேன். எனக்கு அவரில் அவ்வளவு விருப்பம். அம்மா தன் சேலைத் தலைப்பால் என் முகத்து வெள்ளையைத் துடைத்துக்கொண்டே வந்தா. கூறைச்சேலையை என்ன செய்வது, அப்பாவுக்கு எப்படிச் சொல்வது என்றெல்லாம் அவவுக்குள் ஓடியிருக்கும்.

வெயில் தாழ்ந்து காற்றுக் கொஞ்சம் குளிர்ந்தது. ஆர்மோனியக்காரர் தொண்டையைச் செருமினார்.

"தங்கச்சி, வாற கிழமை புளியங்குளத்திலை நாடகம். ஒப்புக்கொண்டிட்டன். என்ன, வேண்டாமெண்டு சொல்லிவிடட்டே?"

நான் மூக்கைச் சிந்திக்கொண்டு நிமிர்ந்து இருந்தேன்.

"ராஜபார்ட்டை மாத்துங்கோ அண்ணை. நான் வாறன்."