சொன்னால் குறையும் பெயர்

ஆங் மோ கியோ அடுக்குமாடியில் என் பக்கத்து வீட்டுக்குப் புதிதாக ஒரு மருமகள் வந்திருக்கிறாள். காலையில் புருஷன் லிஃப்டுக்குள் கால் வைக்கும் நேரம் பார்த்து, "சுரேஷ், சாவிய விட்டுட்டுப் போறீங்க லா" என்று வாசலில் நின்று கத்துகிறாள். குறை சொல்லவில்லை, கத்தட்டும். கட்டினவன் பெயரை வாய் நிறையச் சொல்லக் கொடுத்து வைத்திருக்க வேண்டும். ஆனால் அந்தக் குரல் கேட்கும்போதெல்லாம் என் வலது கை தானாகப் போய் இடது மணிக்கட்டைப் பிடித்துக்கொள்கிறது. ஏன் என்று சொல்கிறேன். கொஞ்சம் சுற்றித்தான் வருவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் அண்ணி மரகதம் ஒருநாளும் அண்ணன் பெயரைச் சொன்னதில்லை. பெண்டாட்டி ஒரு தரம் பெயரைச் சொன்னால் புருஷன் ஆயுளில் ஒரு நாள் போச்சு என்று அவள் தாய் வீட்டில் சொல்லி வளர்த்திருந்தார்கள். அண்ணன் பெயர் வேலாயுதம். யாராவது கேட்டால், "சாமி கையில இருக்குமே, அது" என்பாள். தைப்பூசத்தில் எல்லோரும் வேல் வேல் என்று கூவும்போது இவள் மட்டும் வாயை இறுக்க மூடிக்கொண்டு நடப்பாள். அதை வைத்து நான் அவளைக் கேலி செய்யாத நாள் இல்லை. நான் அப்போதே வாயாடி.

ஜப்பான்காரன் காலத்தில் சிராங்கூன் ரோட்டுக்குப் பின்னால் ஒரு சந்தில், கடைவீட்டு மாடியில் குடியிருந்தோம். நான் ராணுவச் சட்டைகளுக்குப் பொத்தான் தைக்கிற வேலைக்குப் போய்க்கொண்டிருந்தேன். மாசி மாதத்தில் அண்ணனைச் சயாமுக்கு ரயில் பாதை போட ஏற்றிக்கொண்டு போனார்கள். மூன்று மாதம் என்றார்கள். ஆறு மாதமாகியும் ஒரு வரி இல்லை. இன்றைக்கும் மரவள்ளிக்கிழங்கு வேகிற வாசனை வந்தால் எனக்குப் பசிக்காது. அண்ணி அந்தக் கிழங்கை மூன்று பங்காக வைப்பாள். ஒரு பங்கை மூடி வைத்துவிட்டு, மறுநாள் காலையில் அதையே எங்கள் இருவருக்கும் போடுவாள்.

எதிர் அறையில் தந்தி ஐயா இருந்தார். யாழ்ப்பாணத்துக்காரர், தந்தி ஆபீசில் முப்பது வருஷம் குட்டை ஓசையும் நெட்டை ஓசையுமாகத் தட்டித் தேய்ந்த மனுஷன். பாலத்தடியில் காவல் நின்ற ஜப்பான் சிப்பாய் ஒருவன் அவர் கைக்கடிகாரத்தைக் கழற்றிக்கொண்டான். ஊர்க் கடிகாரங்களையும் டோக்கியோ நேரத்துக்குத் தள்ளி வைத்துவிட்டார்கள். நேரமே பொய்யாகிப் போச்சே என்று அவருக்கு ஆற்றாமை. வேலை இல்லை, குடும்பமும் இல்லை, சும்மா இருந்த மூளை ஒரு சாஸ்திரத்தைக் கண்டுபிடித்தது. அதற்கு ஒலிக்கால சாஸ்திரம் என்று பெயரும் வைத்தார்.

தூரத்தில் இருக்கிறவன் பெயரை அவனுக்கு உரியவர்கள் சொல்லும்போது, அவன் உயிரோடு இருந்தால் ஓசை நீளுமாம். போய்விட்டால், சேதி வருவதற்கு முன்பே அந்தப் பெயர் அவர்கள் வாயில் குறுகிவிடுமாம். கடிகாரம் போன மணிக்கட்டில் நாடியைப் பிடித்து எண்ணி, நோட்டில் எழுதிக்கொள்வார். ஜொகூரில் காணாமல் போன ஒரு பையன் உயிரோடுதான் இருக்கிறான் என்றார், அவனும் வந்து சேர்ந்தான். அதன் பிறகு கேட்க வேண்டுமா, சந்தே அவரை நம்பியது. நானும் நம்பினேன். தங்கை சொன்னால் செல்லாது, சம்சாரம்தான் சொல்ல வேணும் என்றார் ஐயா.

"வேணாம். ஒரு நாள் கொறஞ்சிடும்" என்றாள் அண்ணி.

"ஒரு நாள்தானே அண்ணி. இருக்காரா இல்லையான்னு தெரியாம நான் தினம் செத்துக்கிட்டிருக்கேன்."

பத்து நாள் அரித்தேன். கடைசியில் சொல்லக் கூடாததைச் சொன்னேன். "அவரு திரும்பி வரணும்னு உங்களுக்கு ஆசையில்ல போல."

பிள்ளையார் சதுர்த்தியன்று அண்ணி குளித்து, பொட்டு வைத்து, ஐயா முன்னால் போய் நின்றாள். சுவரைப் பார்த்தபடி மூன்று தரம் சொன்னாள். பழக்கமில்லாத வாய், எழுத்துக் கூட்டிப் படிக்கிற பிள்ளையைப் போல இழுத்து இழுத்துத்தான் வந்தது.

"பேர் நல்லா நீளுது பிள்ளை. ஆள் இருக்கிறார், பயப்பிடாதேங்கோ" என்றார் ஐயா.

அன்றைக்கு அண்ணி சிரித்தாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை, நான்தானே சொல்ல வைத்தேன்.

சண்டை முடிந்து, சயாமிலிருந்து காளிமுத்து என்று ஒருவர் காலெல்லாம் புண்ணாக வந்தார். அண்ணனோடு ஒரே கொட்டகையில் இருந்தவர். வாந்திபேதி, அந்த ஆவணியிலேயே அண்ணன் போய்விட்டார் என்றார். அண்ணி அழவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"பிள்ளையார் சதுர்த்திக்கு முன்னயா, பின்னயா?"

அவர் சற்று யோசித்தார். "பின்னதாங்க அக்கா. அதுக்கப்புறம் மூணு நாலு நாள் நல்லாத்தான் இருந்தாரு."

அண்ணி மூன்று விரலை மடக்கிப் பார்த்து, சுவரோடு சாய்ந்து உட்கார்ந்துவிட்டாள். வாசல்வரை கூடப் போய் அவரிடம் நிஜத்தைக் கேட்டேன். "அங்க நாளு கிழமை யாருக்குங்க தெரியும்? நாலு நாள் கூட இருந்தாருன்னா அவங்க மனசு ஆறும்னு சொன்னேன்" என்றார். நல்ல மனுஷன், அவரை எப்படித் திட்டுவது? ஓடி வந்து அண்ணியிடம் சொன்னேன். அவள் என் தலையைத் தடவி, "என்னத் தேத்துறதுக்குச் சொல்ற, விடு" என்றாள். அதன் பிறகு முப்பது வருஷம் ஒரே வீட்டில் இருந்தோம். ஒருநாளும் அவள் என்னைக் குற்றம் சொன்னதில்லை. ஒரு தரமாவது திட்டியிருந்தால் எனக்குப் பாரம் குறைந்திருக்கும்.

கடைசியாக அண்ணியை ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது, ஒரு சின்ன நர்ஸ் படிவத்தோடு வந்து, "ஹஸ்பண்ட் பேரு என்னம்மா?" என்றாள்.

"சாமி கையில இருக்குமே" என்றாள் அண்ணி.

நர்சுக்குப் புரியவில்லை, நான்தான் பெயரைச் சொன்னேன். அண்ணி என் வாயைப் பொத்தக் கையைத் தூக்கினாள். கை எட்டவில்லை.

அந்தச் சந்தில் கடைவீட்டை இடித்து ஹோட்டல் கட்டிவிட்டார்கள். தந்தி ஐயா சண்டை முடிந்ததும் கப்பலேறினார், அவர் நோட்டும் அவரோடு போயிற்று. பக்கத்து வீட்டுப் பெண் சுரேஷை நன்றாக நீட்டித்தான் கூப்பிடுகிறாள், ஐயாவைப் போல நாடி பிடித்து எண்ணிப் பார்த்துவிட்டேன். என் அண்ணன் பெயரைச் சொல்லப் பயப்படுவதற்குத்தான் இப்போது யாரும் இல்லை.