கல் வைத்த படங்கும் மடக்கு நாற்காலியும்

போன வாரம் ஹட்டன் பஜாரில் ஒரு கடைக்குள் மூன்று மடக்கு நாற்காலிகளில் மாறி மாறி உட்கார்ந்து எழுந்தேன். எங்கள் தேயிலைத் தோட்டத்துத் தேர்த் திருவிழாவுக்கு எடுத்துப் போகத்தான். ஒன்று பைக்குள் சுருட்டி வைக்கிற துணி நாற்காலி. உட்காருவது சுலபம், எழுப்பிவிட ஆள் வேண்டும். இன்னொன்று இரும்பு. றொசல்ல ஸ்டேஷனிலிருந்து கோயில் வரைக்கும் ஏற வேண்டிய படிகளை நினைத்ததுமே தோள் வலித்தது. மூன்றாவது அலுமினியம், கான்வஸ் துணி போட்டது. கனமில்லை, உயரமும் உண்டு, ஆனால் கால்கள் பென்சில் தடிமன். மழைக்குப் பிறகு நம் பக்கத்து மண் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாததா? அரை மணி நேரத்தில் ஆளோடு சேர்ந்து இறங்கிவிடும்.

“டீச்சர், ஒங்களுக்கு இந்தத் துணி நாக்காலியே போதும். நல்லா சாஞ்சிக்கலாம்” என்றார் கடைக்காரர்.

“சாயறதுக்கு இல்லீங்க. ஒசரமா இருக்கணும்.”

“எவ்வளவு ஒசரம்?”

சகுந்தலாவுடையதைவிட ஒரு விரலாவது உயரம் என்று அவரிடம் சொல்ல முடியுமா? சகுந்தலா என் சிநேகிதி, கொழும்பில் இருக்கிறாள். திருவிழாவுக்கு வருவதாகச் சொன்னவள், மகன் வாங்கிக் கொடுத்த மடக்கு நாற்காலியின் படத்தையும் போனில் அனுப்பியிருந்தாள். தலை வைக்க மெத்தை, தேத்தண்ணிக் கோப்பை வைக்க ஓட்டை. ‘நீயும் ஒண்ணு வாங்கிக்கடி, தரையில குந்துற வயசா நமக்கு?’ என்று கீழே எழுதியிருந்தாள். அன்பாகத்தான் எழுதினாள். எனக்கு வயிறு எரிந்தது.

அலுமினிய நாற்காலியில் சாய்ந்தேன். புதுக் கான்வஸ் வாசனை வந்து மூக்கில் ஏறியது. அதற்குப் பிறகு கடைக்காரர் என்ன சொன்னார் என்பது காதில் விழவில்லை.

சகுந்தலாவின் அப்பா எங்கள் தோட்டத்துக் கணக்கப்பிள்ளை. மலையில் என் அம்மாவும் மற்றப் பெண்களும் கொழுந்து எடுக்க, மேலே நின்று வேலை வாங்குகிறவர். நாளைக்கு யார் எந்த மலைக்குப் போக வேண்டும் என்பது அவர் வாயில்தான் இருந்தது. அவர் வீட்டில் பச்சைக்கோடு போட்ட கான்வஸ் மடக்கு நாற்காலி ஒன்று இருந்தது. தேரன்றைக்கு அதை அவரே தோளில் தூக்கி வருவார். பின்னால் சகுந்தலா, வெள்ளைக் காலுறை போட்டுக்கொண்டு. நானும் அவளும் ஒரே வகுப்பு, ஒரே வாங்கில் பக்கத்துப் பக்கத்தில் உட்காருகிறவர்கள். ஆனால் தேரன்றைக்கு அவள் மேலே, நான் கீழே. அந்த ஒரு நாளுக்காக வருஷம் முழுவதும் அவள் மேல் எனக்குப் பொறாமை.

தேர், வீடுகள் வரிசையாக ஒட்டிக் கிடக்கும் லயம் லயமாகச் சுற்றிவிட்டு வர வெகுநேரமாகும். அதுவரை கோயில் மைதானத்தில் பகல் கூத்து நடக்கும். அங்கே இடம் பிடிக்க ஒரு முறை இருந்தது. காலையிலேயே வீட்டுக்கு ஒருவர் போய்ப் படங்கை விரித்து, நான்கு மூலையிலும் கல் வைத்துவிட்டு வந்துவிடலாம். படங்கு என்றால், கொழுந்து எடுக்கும்போது செடி குத்தாமல் பெண்கள் இடுப்பில் சுற்றிக்கொள்ளும் சாக்குத்துணி. கல் வைத்த படங்கை யாரும் தொட மாட்டார்கள். குடித்துவிட்டுத் தோட்டத்தையே திட்டுகிற ஆள்கூட அதை மிதிக்காமல் விலகித்தான் போவார். கணக்கப்பிள்ளைக்கு மட்டும் கல் தேவைப்படவில்லை. கொடிமரத்துக்குப் பக்கத்தில், முன்வரிசையில், ஒரு நாற்காலி அகலத்துக்கு இடம் தானாகவே காலியாகக் கிடக்கும்.

நாலாம் வகுப்புப் படித்த வருஷம், படங்கு விரிக்க அம்மா என்னை அனுப்பினாள். நான் நேரே போய் அந்தக் காலி இடத்தில் விரித்தேன். சின்னக் கல் போதாதென்று, இரண்டு கையாலும் தூக்க வேண்டிய கற்களாகப் பார்த்து நான்கு வைத்தேன். அவ்வளவு வீராப்பு.

மத்தியானம் கணக்கப்பிள்ளை நாற்காலியோடு வந்து நின்றார்.

“இது யாரு படங்கு?”

அம்மா எங்கிருந்தோ ஓடிவந்தாள். அவள் முகம் போன போக்கைப் பார்த்த பிறகுதான் நான் செய்த காரியம் எனக்கே உறைத்தது.

“புள்ள தெரியாம போட்டுருச்சுங்கய்யா” என்று குனிந்து கல்லில் கை வைத்தாள்.

அவர் கூட்டத்தை ஒரு பார்வை பார்த்தார். “கல்ல எடுக்காத. வச்சது வச்சதுதான்” என்று சொல்லிவிட்டு, நாற்காலியை இரண்டடி தள்ளி ஓரமாக விரித்தார். அதற்குள் சகுந்தலா சப்பாத்தைக் கழற்றிப் போட்டுவிட்டு, “அப்பா, நான் கீழ குந்திக்கிறேன்” என்று எங்கள் படங்கில் அம்மாவை ஒட்டி உட்கார்ந்துவிட்டாள். அவர் என்னைப் பார்த்தார்.

“அப்ப நீ ஏறிக் குந்து. அதுக்குத்தானே கல்லு வச்ச?”

குந்தினேன். கான்வஸ் தொய்ந்து நான் உள்ளே போய்விட்டேன். சட்டம் முழங்காலுக்குக் கீழே வெட்டியது, கால் தரைக்கு எட்டவில்லை. பின்னாலிருந்து யாரோ “தலைய சாச்சிக்கடி” என்றார்கள். கூத்து நன்றாகத்தான் தெரிந்தது. ராஜா வேஷக்காரரின் மீசை ஒரு பக்கம் கழன்று தொங்கியதுகூடத் தெரிந்தது. நான் பார்த்தது என்னவோ கீழே இருந்த படங்கைத்தான். அம்மா அவித்த கடலையை உடைத்து உடைத்து சகுந்தலாவின் கையில் வைத்துக்கொண்டிருந்தாள். மூடுபனி இறங்கியதும் சகுந்தலா என் அம்மா மடியில் சாய்ந்தாள். அம்மா படங்கின் மறு நுனியை இழுத்து அவளைப் போர்த்தினாள். அவள் தூங்கியே போனாள்.

அம்மா ஒரு தடவை நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கூப்பிடவில்லை. ஐயா உட்காரச் சொன்ன இடத்திலிருந்து இறங்கி வா என்று சொல்ல அவளால் முடியாது. அது ஒன்பது வயதில் எனக்கு எங்கே புரிந்தது? சகுந்தலாவுக்கு நாற்காலியும் உண்டு, இப்போது என் அம்மாவும் உண்டு என்று நினைத்து அழுதேன். பனி ஈரம் என்று சொல்லிச் சமாளித்தேன்.

கடைசியில் அலுமினிய நாற்காலியைத்தான் வாங்கினேன். மண்ணில் இறங்காமலிருக்கப் பழைய பால்மா டின் மூடி நான்கைக் கால்களுக்குக் கட்டினேன். நேற்று அதைச் சுமந்துகொண்டு மூச்சிரைக்கப் படியேறிப் போனால், மைதானத்தில் சீமெந்து போட்டிருக்கிறார்கள். வரிசை வரிசையாக வாடகை பிளாஸ்டிக் கதிரைகள். எல்லாரும் ஒரே உயரத்தில் இருந்தார்கள். தரையில் ஒருவரும் இல்லை. கல் இல்லை, படங்கும் இல்லை, இப்போது மலைக்குப் போகிறவர்கள் பிளாஸ்டிக் ஷீட்டைத்தான் இடுப்பில் கட்டுகிறார்கள். அம்மா போயும் பன்னிரண்டு வருஷமாகிறது.

சகுந்தலாவும் தன் நாற்காலியைப் பையிலிருந்து எடுக்கவில்லை. பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்து சொன்னாள்:

“ஒங்கம்மா படங்கு வாசம் இன்னும் என் மூக்குல நிக்கிதுடி. பச்சக் கொழுந்தும் அடுப்புப் பொகையுமா. ஒனக்கு ஞாபகம் இருக்கா?”

“இருக்கு” என்றேன்.

இல்லை. எவ்வளவு இழுத்துப் பார்த்தாலும் எனக்கு வருவது கான்வஸ் வாசனை மட்டும்தான்.